வைத்தவரும் அழைத்தவரும்

பழைய வண்ணாரப்பேட்டையில் நான் குடியிருக்கும் வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளி ஓர் இளைஞர் இருக்கிறார். துறைமுகத்தில் வேலை. சென்ற மாதம் அவருக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் கையில் ஒரு புத்தகத்தோடு வந்து நின்றார்.

“சார், நீங்க கதை எழுதறவரு. எவ்வளவோ பேருக்குப் பேரு வெச்சிருப்பீங்க. எங்க பாப்பாவுக்கு ஒண்ணு சொல்லுங்க” என்றார்.

கதையில் வருகிறவர்களுக்குப் பெயர் வைப்பது சுலபம். அவர்கள் வளர்ந்து பெரியவர்களாகி, ‘ஏன் எனக்கு இந்தப் பேரை வைத்தாய்?’ என்று வந்து கேட்கமாட்டார்கள். இதை அவரிடம் சொன்னேன். அவர் சிரித்தார். “பாத்து ரெண்டு மூணு டிக் அடிச்சு வையுங்க சார்” என்று புத்தகத்தை என் மேஜைமேல் வைத்துவிட்டுப் போய்விட்டார்.

குழந்தைகளுக்குப் பெயர் தேர்ந்தெடுக்க உதவும் புத்தகம் அது. இந்த வகையில் எத்தனையோ வந்துவிட்டன. எல்லாம் ஏறக்குறைய ஒரே வார்ப்புதான். இடது பக்கம் பெயர், வலது பக்கம் பொருள். எந்த நட்சத்திரத்துக்கு எந்த எழுத்து, எந்தப் பெயருக்கு என்ன கூட்டுத்தொகை என்று பின்னால் அட்டவணைகள். தமிழ், சம்ஸ்கிருதம், அரபு, எபிரேயம், கிரேக்கம் என்று பல மொழிப் பெயர்கள். ஒரு நாவலைப் படிப்பதுபோல் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை படித்தேன். படித்து முடித்ததும் இதற்கு ஒரு விமர்சனம் எழுதவேண்டும் என்று தோன்றிற்று. இப்படிப்பட்ட புத்தகங்களுக்கு யாரும் மதிப்புரை எழுதுவதில்லை. நாவலே நுழையாத வீடுகளிலும் நுழைகிற புத்தகத்தை விமர்சகர்கள் இவ்வளவு அலட்சியம் செய்வது நியாயமாகப் படவில்லை.

முதலில் சில்லறைத் தவறுகளைச் சொல்லிவிடுகிறேன். ‘வனெஸா’ என்ற ஐரோப்பியப் பெயருக்குப் ‘பட்டாம்பூச்சி’ என்று பொருள் போட்டிருக்கிறது. அது எந்த மொழியின் பழஞ்சொல்லும் அல்ல. ஜோனதன் ஸ்விஃப்ட் என்ற எழுத்தாளர், தம்மிடம் அன்பு வைத்திருந்த எஸ்தர் வனோம்ரி என்ற பெண்ணின் பெயரை வெட்டி ஒட்டிச் செய்த பெயர் அது. குலப்பெயரிலிருந்து ‘வன்’, எஸ்தருக்குச் செல்லமாக ‘எஸ்ஸா’. அந்தப் பெயரைத் தாங்கிய கவிதை 1726இல் அச்சாயிற்று. பட்டாம்பூச்சி இனம் ஒன்றுக்கு ஃபாப்ரிஷியஸ் என்ற விஞ்ஞானி அதே பெயரைச் சூட்டியது 1807இல். பிந்தி வந்த பூச்சியைக் காட்டி முந்தி வந்த பெண்ணுக்குப் பொருள் சொல்வது, பேத்தி வயிற்றில் பாட்டி பிறந்தாள் என்பதுபோல. ஆனால் இதனால் யாருக்கும் நஷ்டம் இல்லை. பட்டாம்பூச்சி நல்ல பிராணிதான்.

என் மனக்குறை வேறு. தவறான பொருள் கொடுத்திருக்கும் இடங்களைவிட, சரியான பொருள் கொடுத்திருக்கும் இடங்களில்தான் இந்தப் புத்தகம் என்னை அதிகமாக ஏமாற்றியது.

‘முத்து’ என்ற பெயரைப் பாருங்கள். பொருள், கடலில் விளையும் மணி. இன்னொரு பக்கத்தில் ‘மார்கரெட்’ இருக்கிறது. கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது, பொருள் முத்து. இரண்டும் சரி. புத்தகத்தின் கணக்குப்படி முத்தம்மாளும் மார்கரெட்டும் ஒரே பெயர்க்காரிகள். ஆனால் நம் ஊரில் முத்து என்பது மாரியம்மன் உடம்பில் போடும் முத்தும்கூட. அம்மை கண்ட குழந்தைக்கு முத்து இறங்கிவிட்டது என்று கேட்ட பிறகுதான் தாய்க்கு மூச்சு வரும். முத்துமாரி என்று தெய்வத்துக்கே பெயர். பெரியம்மை உலகத்தைவிட்டே ஒழிந்தது என்று உலக சுகாதார நிறுவனம் 1980இல் அறிவித்தது. அதற்கு முந்திய காலத்தில், பிழைத்து எழுந்த பிள்ளையை அம்மனுக்கு நேர்ந்துகொண்டு முத்து என்று அழைத்த தாய், நகைக்கடை முத்தை நினைக்கவில்லை. எல்லா முத்துவும் அம்மையில் வந்தவர்கள் என்றும் நான் சொல்லவில்லை. முத்துக்குமாரசாமியைக் கும்பிட்டு வைத்த முத்து உண்டு. தாத்தா பெயர் என்பதற்காகவே வைத்த முத்து உண்டு. எது எந்த முத்து என்று அகராதி சொல்லாது. வைத்தவரைத்தான் கேட்கவேண்டும்.

நன்னூலார் பெயர்களை இடுகுறி என்றும் காரணம் என்றும் பிரித்தார். மரம் என்பது இடுகுறி, பறவை என்பது காரணம் என்று பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்தோம். மனிதர்களுடைய பெயர் எந்தப் பக்கம் சேரும்? ஒரு பெயருக்கு இரண்டு பிறப்பு உண்டு என்பது என் அபிப்பிராயம். அந்தச் சொல் மொழியில் பிறந்தது ஒன்று. அதை இந்தக் குழந்தைக்கு வைத்த வேளை இன்னொன்று. சொல்லின் பிறப்புக்குக் காரணம் தெரியாமல் போகலாம். வைத்ததற்கு எப்போதும் ஒரு காரணம் இருக்கும். பெயர்ப் புத்தகம் முதல் பிறப்பை மட்டும் குறித்துக்கொண்டு, இரண்டாவதை விட்டுவிடுகிறது.

இதற்குச் சாட்சி தேடி வெகுதூரம் போகவேண்டியதில்லை. எங்கள் பேட்டைக்குக் கிழக்கே ராயபுரம். ராயப்பர் என்பது ஏசுநாதரின் சீடரான பேதுருவுக்குத் தமிழ்க் கத்தோலிக்கர் வழங்கிய பெயர். அவர் பெயரில் கோயில், அதையொட்டி ஊர்ப்பெயர். பழைய காலத்துப் பாதிரிமார் பல பெயர்களை வெறும் ஓசையாக இறக்குமதி செய்யவில்லை. பொருளைக் கேட்டு மொழிபெயர்த்தார்கள். பவுல் என்பது லத்தீனில் சிறியவன், ஆகவே சின்னப்பர். யோவான் என்பது எபிரேயத்தில் கடவுள் அருளினார் என்பது, ஆகவே அருளப்பர். ஸ்தேவான் என்பது கிரேக்கத்தில் மகுடம், ஆகவே முடியப்பர். பேதுரு என்றால் கிரேக்கத்தில் பாறை. தெலுங்கில் ‘ராயி’ என்றால் கல். ராயப்பர் அங்கிருந்து வந்தவர் என்று சொல்கிறவர்கள் உண்டு.

மொழிபெயர்ப்பு என்று பார்த்தால் இது முதல்தரமான வேலை. ஆனால் சின்னப்பரே என்று கும்பிட்டவர்களின் காதில் லத்தீன் விழவில்லை. அப்பாவின் தம்பியைக் கூப்பிடுகிற பாசம் விழுந்தது. ராயப்பர் கடற்கரை ஜனங்களுக்கு வேண்டியவரானதும் பாறை என்ற பொருளினால் இருக்காது. அவரும் வலை வீசிப் பிழைத்தவர், அது போதும். 1995இல் கத்தோலிக்கரும் மற்றச் சபையாரும் சேர்ந்து வெளியிட்ட பொது மொழிபெயர்ப்பு விவிலியத்தில் பேதுரு, பவுல், யோவான் என்ற ஓசைப் பெயர்களே இருக்கின்றன. அதற்காக ராயப்பன்களும் சின்னப்பன்களும் அருளப்பன்களும் இல்லாமல் போய்விடவில்லை. தாத்தா பெயரைப் பேரனுக்கு வைக்கிறவர்கள் வேதப் புத்தகத்தின் பதிப்பைப் பார்த்துக்கொண்டு வைப்பதில்லை.

இவ்வளவும் மனசில் ஓட, புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்க அந்த இளைஞர் வீட்டுக்குப் போனேன். வாசற்படியில் அவருடைய ஆயா உட்கார்ந்திருந்தார். எண்பதைத் தாண்டிய கிழவி. “உங்க ஆயா பேரையே வைக்கலாமே. பாட்டி பேரைப் பிள்ளைக்கு வைப்பது நம்ம வழக்கந்தானே?” என்று இளைஞரிடம் கேட்டுவிட்டேன். அவர் முகம் சுருங்கிற்று. ஆயாவே பதில் சொன்னார்: “எம் பேரு குப்பம்மா.”

புத்தகத்தில் அந்தப் பெயர் இல்லை என்பது எனக்கு உடனே நினைவுக்கு வந்தது. ‘கு’ வரிசையில் குந்தவை உண்டு, குமுதா உண்டு, குழலி உண்டு. குப்பம்மாள் இல்லை. குப்பன், பிச்சை, மண்ணாங்கட்டி, போதும்பொண்ணு யாருமே இல்லை.

எப்படி வந்தது அந்தப் பேர் என்று கேட்டேன். ஆயாவுக்கு முன்னால் பிறந்த மூன்றும் தங்கவில்லையாம். நாலாவதாக இவர் பிறந்ததும், தாய் குழந்தையை முறத்தில் போட்டுக் கொல்லைக் குப்பைமேட்டில் வைத்துவிட்டு வந்தாளாம். மருத்துவச்சி அதை எடுத்துக்கொண்டு வந்து, “குப்பையிலே ஒரு புள்ள கெடந்துச்சு, வாங்கிக்கிறியா?” என்று கேட்டாளாம். ஒரு படி தவிட்டை அளந்து கொடுத்துத் தன் பிள்ளையைத் தானே விலைக்கு வாங்கிக்கொண்டாள் அந்தத் தாய். குப்பையில் கிடந்ததை எமன் தேடி வரமாட்டான் என்று நம்பிக்கை. ‘உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்’ என்று குறும்புக்காரப் பிள்ளைகளிடம் வேடிக்கையாகச் சொல்கிறோமே, அந்தப் பேச்சு இந்த வழக்கத்தின் மிச்சம்.

இது நம் ஊர் வழக்கம் மட்டும் அல்ல. தெலுங்கில் ‘பெண்ட’ என்றால் குப்பைமேடு. பெண்டய்யாவும் பெண்டம்மாவும் நம் குப்பனுக்கும் குப்பம்மாளுக்கும் உடன்பிறந்தவர்கள். வங்காளத்தில் தின்கொடி என்று பெயர் உண்டு. மூன்று சோழி விலைக்கு வாங்கின பிள்ளை என்று பொருள். நம்முடைய தவிடு, அவர்களுடைய சோழி. ஆப்பிரிக்காவில் யோருபா மொழிக்காரர்கள் இப்படிப்பட்ட பிள்ளைக்கு மலோமோ என்று வைப்பதுண்டு. இனிமேல் போகாதே என்று அர்த்தம். துருக்கியில் துர்சுன் என்கிறார்கள். இருக்கட்டும், தங்கட்டும் என்பது பொருள். அதே துருக்கியில் பெண்ணுக்கு யெட்டர் என்று ஒரு பெயர் உண்டு. ‘போதும்’ என்று அர்த்தம். வங்காளத்தில் ஆன்னாகாளி, ‘இனி வேண்டாம், காளி’ என்பது அதன் விரிவு. நம்முடைய போதும்பொண்ணு இவர்களோடு கைகோத்து நிற்கிறாள். சொற்களுக்குள் ஒரு சம்பந்தமும் இல்லை. வைத்தவர்களுடைய பயமும் அலுப்பும் ஒன்று. பெயர்களை மொழிவாரியாக அடுக்குவதற்குப் பதில் காரணவாரியாக அடுக்கிய ஒரு புத்தகம் வந்தால், மனித குலத்தைப் பற்றி அது எவ்வளவோ சொல்லும்.

இதையெல்லாம் அந்த வாசற்படியிலேயே நான் உற்சாகமாகச் சொல்ல ஆரம்பித்துவிட்டேன். “குப்பம்மா என்றால் குப்பை இல்லை ஆயா, உங்கம்மாவின் உசிரு” என்றேன். ஆயா பொறுமையாகக் கேட்டார். பிறகு சொன்னார்:

“எங்கம்மா ஆசையாத்தான் வெச்சா கண்ணு. கூப்பிட்டவங்க ஆசையாவா கூப்பிட்டாங்க? நாப்பது வருசம் வூட்டு வேலை செஞ்சேன். ‘ஏ குப்பே’ன்னுதான் கூப்பிட்டாங்க. எங்கூட்டுக் கொயந்தைக்கு அது வேணாம்.”

என் வாய் அடைத்துப்போயிற்று. வைத்தவரைக் கேட்டால் போதும் என்று நான் கட்டிய கட்டிடத்தில் பாதி இடிந்து விழுந்தது. பெயரின் பொருளை வைத்தவர் மட்டும் நிர்ணயிப்பதில்லை. ஆயுள் முழுவதும் அழைக்கிறவர்கள் அதன் மேல் எழுதிக்கொண்டே இருக்கிறார்கள். இந்தச் சாதாரண விஷயம், படித்தவன் என்று சொல்லிக்கொள்ளும் எனக்கு ஆயா சொல்லித்தான் தெரிந்தது.

வைத்ததும்கூட எல்லா வீட்டிலும் அன்பினால் அல்ல. பிராமணன் பெயர் மங்களத்தையும், க்ஷத்திரியன் பெயர் பலத்தையும், வைசியன் பெயர் செல்வத்தையும் காட்டவேண்டும், சூத்திரன் பெயர் இகழ்ச்சியைக் காட்டவேண்டும் என்று மனு ஸ்மிருதி இரண்டாம் அத்தியாயத்தில் விதித்திருக்கிறது. ஒரு குப்பன் தாயின் பயத்தில் பிறந்தவன். இன்னொரு குப்பன், நல்ல பெயர் வைத்துக்கொள்ள உனக்கு என்ன யோக்கியதை என்று கேட்ட ஊரில் பிறந்தவன். எழுத்துக்கூட்டிப் பார்த்தால் இரண்டும் ஒன்றுதான். இருபதாம் நூற்றாண்டில் தமிழ்நாட்டில் பெயர் மாற்றம் ஓர் இயக்கமாகவே நடந்தது. சுவாமி வேதாசலம் மறைமலையடிகள் ஆனார். நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார். ராமையா அன்பழகன் ஆனார். மொழிப்பற்று என்று மட்டும் இதைச் சொல்லி முடித்துவிட முடியாது. குப்பன் தன் பிள்ளைக்குச் செழியன் என்று பெயர் வைத்தபோது, வருங்காலத்தில் அவனை அழைக்கப்போகிற குரல்களைத் திருத்த முயன்றான். ‘டேய் குப்பா’ என்று பழகின வாய், செழியன் என்று சொல்வதற்குமுன் கொஞ்சம் நிதானிக்கும்.

அழைக்கிறவர்களின் பலம் எங்கள் பக்கத்துத் தெருக்களிலேயே தெரியும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் வாழ்ந்த குணங்குடி மஸ்தான் சாகிபுக்குப் பெற்றோர் இட்ட பெயர் சுல்தான் அப்துல் காதிர். அப்துல் காதிர் என்றால் வல்லவனாகிய இறைவனின் அடிமை. நம் ராமதாசன், சிவதாசன் போன்ற பெயர். ஆனால் தொண்டிப் பக்கத்திலிருந்து வந்தவர் என்பதால் இங்குள்ளவர்கள் தொண்டியார் என்றார்கள். தொண்டியார்பேட்டைதான் வாய்க்கு வாய் மாறித் தண்டையார்பேட்டை ஆயிற்று என்பார்கள். சர் பிட்டி தியாகராயச் செட்டியாரும் (1852–1925) எங்கள் வட்டாரத்துக்காரர். தியாகராஜர் என்பது திருவொற்றியூரிலும் திருவாரூரிலும் எழுந்தருளியிருக்கும் சிவபெருமானின் திருநாமம். பட்டணத்தின் மறுகோடியில் ஒரு பகுதிக்கு அவர் நினைவாகத் தியாகராய நகர் என்று வைத்தார்கள். இன்று புடவை வாங்கப் போகிறவர்கள் அதை டி. நகர் என்கிறார்கள். தெய்வத்தின் பெயர் மனிதருக்கு வந்து, மனிதரின் பெயர் ஊருக்கு வந்து, கடைசியில் ஓர் ஆங்கில எழுத்தாக நிற்கிறது. யாரும் வேண்டுமென்று செய்யவில்லை, அழைத்தார்கள், தேய்ந்தது.

வைத்தவர், அழைத்தவர் இருவரையும் அகராதி விட்டுவிடுகிறது என்றால், இருவரையும் பிடித்து நிறுத்துகிற இடம் ஒன்று உண்டு. அது கதை. கு. அழகிரிசாமியின் ‘ராஜா வந்திருக்கிறார்’ கதையைப் படித்தவர்கள் மறந்திருக்கமாட்டார்கள். தீபாவளி சமயம். பணக்கார வீட்டுக்கு நிஜ ராஜா ஒருவர் மாப்பிள்ளையாக வருகிறார். ஏழைக் குடிசைக்கு ஓர் அநாதைச் சிறுவன் வந்து சேர்கிறான். அவன் பெயர் ராஜா. அந்த வீட்டுத் தாய் அவனைக் குளிப்பாட்டிப் புதுத்துணி கொடுக்கிறாள். எங்கள் வீட்டுக்கும் ராஜா வந்திருக்கிறார் என்று ஏழை வீட்டுப் பெண் குழந்தை பணக்காரப் பையனிடம் பெருமையாகச் சொல்கிறாள். ராஜா என்றால் அரசன் என்று எந்தப் புத்தகமும் சொல்லும். அந்தக் குழந்தையின் வாயில் அதற்கு வந்த அர்த்தத்தை எந்தப் புத்தகம் சொல்லும்? அழைத்த குரல் ஒரு பிச்சைக்காரப் பிள்ளையை அரசனாக்குகிறது. ஆயாவுக்கு நடந்ததற்கு நேர் எதிரான காரியம் இது.

ஜெயகாந்தனின் ‘ஒரு மனிதன் ஒரு வீடு ஒரு உலகம்’ (1973) நாவலில் கதாநாயகன் பெயர் ஹென்றி. பெற்றவர் யாரென்று தெரியாத அவனை எடுத்து வளர்த்தவர் சபாபதிப் பிள்ளை. அவர் விட்டுப்போன வீட்டைத் தேடிக்கொண்டு ஹென்றி கிருஷ்ணராஜபுரம் என்ற கிராமத்துக்கு வருகிறான். ஹென்றி என்பது பழைய ஜெர்மானியச் சொல். வீட்டை ஆள்பவன் என்று பொருள். இது கண்ணில் பட்டபோது எனக்கு ஒரு சிலிர்ப்பு உண்டாயிற்று என்பதை மறைக்கவில்லை. ஜெயகாந்தன் இதை எண்ணி வைத்தாரோ இல்லையோ, நாவல் அந்தப் பொருளை நம்பி நிற்கவில்லை. சபாபதிப் பிள்ளையின் மகன் என்றும் ஹென்றி என்றும் ஒரே ஆளைச் சேர்த்துச் சொல்ல அந்தத் தெரு பழகிக்கொள்கிறதே, அதில்தான் நிற்கிறது.

என் குற்றத்தையும் ஒப்புக்கொள்கிறேன். ஆரம்ப காலத்தில், அடக்கமான பெண் என்றால் சாந்தி, கோபக்காரன் என்றால் ருத்ரன் என்று நானும் பெயர்ப் புத்தகம் எழுதுகிறவர்களைப்போலவே வைத்தேன். பாத்திரத்தின் குணத்தைப் பெயரே சொல்லிவிட்டால் எழுத்தாளனுக்கு வேலை மிச்சம். ஆனால் அந்தப் பெண்ணுக்கு ஏன் சாந்தி என்று வைத்தார்கள், மாமியார் அதை எந்தக் குரலில் கூப்பிட்டாள் என்று நான் யோசித்ததே இல்லை. அந்தக் கதைகள் மங்கிப்போனதற்கு இதுவும் ஒரு காரணம்.

பெயர்ப் புத்தகங்களே வேண்டாம் என்பது என் கட்சி அல்ல. கூட்டுக்குடும்பம் கலைந்து, கேட்பதற்குப் பெரியவர்கள் பக்கத்தில் இல்லாத வீடுகளில் அவை உபயோகமானவைதான். பொருளைத் தருகிற அளவில் தரட்டும். அதுவே முழுப் பொருள் என்று நாம் நம்பிவிட வேண்டாம். நல்ல பெயர்களை மட்டும் பொறுக்கி எடுத்து, குப்பம்மாள்களைக் கூட்டித் தள்ளிவிடுவதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. அந்தப் பெயரை வேண்டாம் என்று சொல்ல ஆயாவுக்கு உரிமை உண்டு. அது இருந்ததே இல்லை என்று சொல்ல ஒரு புத்தகத்துக்கு உரிமை இல்லை.

அந்தக் குழந்தைக்கு இன்னும் பெயர் வைக்கவில்லை. அவசரமும் இல்லை. 1969ஆம் ஆண்டுப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் ஏற்பாட்டில், பெயரில்லாமலே பிறப்பைப் பதிந்துவிட்டுப் பன்னிரண்டு மாதத்துக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்த்துக்கொள்ளலாம். நான் டிக் ஒன்றும் அடிக்கவில்லை. புத்தகத்தின் முன்னால் ஒரு வெற்றுத்தாள் இருந்தது. “எந்தப் பேர் வைத்தாலும் ஏன் வைத்தோம் என்று இதில் நாலு வரி எழுதி வையுங்கள். அதற்கு மேலே ஆயாவுக்குப் பேர் வந்த கதையையும் எழுதுங்கள்” என்று இளைஞரிடம் சொன்னேன்.

அவர் ஆயாவைப் பார்த்தார்.

“கதைய எய்திக்க. பேரை மட்டும் வெச்சிடாத” என்றார் ஆயா.